பொது அடுப்பின் கணக்கு

1843 ஜூன் மாதம் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில், ஹார்வர்ட் என்ற சிற்றூரை ஒட்டிய 90 ஏக்கர் பண்ணைக்கு இரண்டு தத்துவவாதிகள் குடிவந்தார்கள். ஒருவர் பிரான்சன் ஆல்காட், பள்ளிக்கூடம் நடத்தி நொடித்தவர். மற்றவர் சார்லஸ் லேன், இங்கிலாந்திலிருந்து பணமும் கொள்கையும் கொண்டுவந்தவர். பண்ணைக்கு ‘ஃப்ரூட்லண்ட்ஸ்’, அதாவது கனிநிலம் என்று பெயர் சூட்டினார்கள். அங்கே இருந்தவை சில கிழட்டு ஆப்பிள் மரங்கள்தான்.

அந்த வீட்டில் இறைச்சி, முட்டை, பால், வெண்ணெய் எதுவும் ஆகாது. காபி, தேயிலை, சர்க்கரைக்கும் இடமில்லை. பருத்தி அடிமைகளின் கையால் பறிக்கப்பட்டது, கம்பளி ஆட்டுக்குச் சொந்தம். எனவே லினன் துணியில் தைத்த அங்கிதான் எல்லோருக்கும் உடுப்பு. மாட்டை ஏரில் பூட்டுவதும் பாவம் என்று தொடங்கி, பிறகு உழுது முடியாமல் அதை மட்டும் விட்டுக்கொடுத்தார்கள். இத்தனை விலக்குகளுக்கும் நடுவில் ஒரு டஜன் பேருக்கு மாவு பிசைந்து, ரொட்டி சுட்டு, துவைத்து, தைத்துப் போட்டது பெரும்பாலும் ஒரே பெண்மணி, ஆல்காட்டின் மனைவி அபிகேல். ஆண்கள் ஆள் சேர்க்கவும் சொற்பொழிவாற்றவும் அடிக்கடி வெளியூர் போய்விடுவார்கள். ஏழே மாதம். 1844 ஜனவரியில் வீடு கலைந்தது. லேன் தன் மகனோடு ஷேக்கர் துறவிகளிடம் போய்ச் சேர்ந்தார். அபிகேல் நான்கு மகள்களையும் கூட்டிக்கொண்டு வாடகை அறைக்குப் போனார். அந்த மகள்களில் ஒருத்தி, பண்ணைக்குக் குடிவந்தபோது பத்து வயதான லூயிசா, வளர்ந்து ‘லிட்டில் விமன்’ நாவலை எழுதினார். 1873இல் அவர் அப்பாவின் கனிநிலத்தைப் பற்றி ஒரு நையாண்டிக் கதையும் எழுதினார். அதில் அம்மாவைத் தவிர யாரும் தப்பவில்லை.

கூட்டு வாழ்வைப் பற்றி எழுதுகிறவர்கள் பொதுவாக முன்வாசல் வழியாகத்தான் உள்ளே போகிறார்கள். கொள்கை அறிக்கை, நிறுவியவரின் ஆளுமை, காதல் விவகாரங்கள், கடைசியில் வீழ்ச்சி. எனக்குக் கொல்லைப்புறம் வழியாக நுழையத் தோன்றுகிறது, பாத்திரம் தேய்க்கிற இடத்தின் வழியாக. என் பாட்டி வீட்டில் மூன்று ஓரகத்திகள் ஒரே அடுப்படியில் முப்பது வருடம் சமைத்தார்கள். யார் எத்தனை நாள் விடியலில் எழுந்து அடுப்பு மூட்டினார்கள் என்ற கணக்கு எந்த நோட்டிலும் கிடையாது. ஆனால் மூன்று பேரின் மனதிலும் அது பைசா சுத்தமாக இருந்தது. பாகப்பிரிவினையின்போது அந்த மனக்கணக்குத்தான் முதலில் வெளியே வந்தது, நிலக்கணக்கு அப்புறம். ஒரே உலையில் பலர் உண்ணும் வீடு குடும்பமாக இருந்தாலும் கொள்கைக் குழுவாக இருந்தாலும் அங்கே கணக்கு ஒன்று ஓடிக்கொண்டுதான் இருக்கும். அது தாளில் இருக்கிறதா, மனதில் இருக்கிறதா என்பதில்தான் வீட்டுக்கு வீடு வேறுபாடு. கடந்த 180 ஆண்டுச் சோதனைகளை அந்தக் கேள்வியை வைத்துக்கொண்டு பார்க்கலாம்.

முறை வைத்துக் கழுவுதல்

ஃப்ரூட்லண்ட்ஸுக்கு இரண்டு வருடம் முந்தி, அதே மாநிலத்தில் ஜார்ஜ் ரிப்ளியும் அவர் மனைவி சோஃபியாவும் புரூக் ஃபார்ம் என்ற பண்ணையைத் தொடங்கியிருந்தார்கள். அங்கே ஓர் அபூர்வமான விதி இருந்தது. உடலுழைப்பு, மூளையுழைப்பு, ஆண் வேலை, பெண் வேலை எல்லாவற்றுக்கும் ஒரே கூலி. நாவலாசிரியர் நத்தானியல் ஹாதார்ன் அங்கே சாணக்குவியலை வாரிக்கொண்டிருந்தார். அந்தக் குவியலுக்குத் தங்கச் சுரங்கம் என்று பெயர். சில மாதங்களில், எருவள்ளியபிறகு பேனா பிடிக்க வரவில்லை என்று கண்டுகொண்டு கிளம்பிவிட்டார். ஆனால் மற்ற இளைஞர்கள் பெண்களோடு சேர்ந்து துணி பிழிந்து உலர்த்தினார்கள். இரவு நடனத்தின்போது அவர்கள் சட்டைப்பையிலிருந்து கொடிக் கிளிப்புகள் உதிர்ந்தனவாம். கூட்டு வாழ்வின் வரலாற்றில் எனக்குப் பிடித்த காட்சி அது. கணக்குச் சரியாக இருந்தும் புரூக் ஃபார்ம் நிற்கவில்லை. கடன் ஏறிக்கொண்டே போனது. காப்பீடு இல்லாமல் கட்டிக்கொண்டிருந்த பெரிய கட்டடம் 1846 மார்ச்சில் எரிந்தது. அடுத்த ஆண்டு கடை மூடியாயிற்று. கணக்கு எழுதிவிட்டால் மட்டும் வீடு பிழைத்துவிடாது என்பதை இங்கேயே ஒப்புக்கொள்கிறேன்.

தமிழர்களுக்கு இந்த வரலாற்றில் நேரடிப் பங்கு உண்டு. 1910இல் தென்னாப்பிரிக்காவில், ஜோகன்னஸ்பர்க்கிலிருந்து 21 மைல் தள்ளி, கட்டடக்கலைஞர் ஹெர்மன் காலன்பாக் 1,100 ஏக்கர் பண்ணையைச் சத்தியாக்கிரகிகளின் குடும்பங்களுக்காகக் கொடுத்தார். சிறைக்குப் போனவர்களின் குடும்பங்களுக்குத் தனித்தனியாகப் படி கொடுத்துக் கட்டுப்படியாகவில்லை. ஒரே உலை வைத்தால் செலவு குறையும் என்பதுதான் காந்தியின் முதல் கணக்கு, கொள்கை பிற்பாடு வந்து சேர்ந்தது. டால்ஸ்டாய் பண்ணை என்று பெயர். குஜராத்திகள், வட இந்தியர், ஆந்திரர், தமிழர் என்று நான்கு நாக்குகளுக்கும் ஒரே சமையலறை. சமையல் பொறுப்பு பெண்களிடம் இருந்தது, உதவிக்கு ஒன்றிரண்டு ஆண்கள். ஆனால் சாப்பிட்ட கிண்ணத்தை அவரவர் கழுவ வேண்டும், பொதுப் பாத்திரங்களை முறை வைத்துக் குழு குழுவாகத் தேய்க்க வேண்டும். சிறையில் கொடுப்பதுபோன்ற கிண்ணம், கையால் செதுக்கிய மரக்கரண்டி. மலத்தைக் குழியில் புதைப்பதற்குக்கூட வேலைக்காரர் கிடையாது. தமிழ்ச் சத்தியாக்கிரகிகளின் தலைவரான தம்பி நாயுடுவிடம் சந்தைக்குப் போவதும் துப்புரவும் ஒப்படைக்கப்பட்டன. காந்தி பிள்ளைகளுக்குத் தமிழும் சொல்லிக்கொடுத்தார், அதுவும் போப்பையரின் கைந்நூலை வைத்துக்கொண்டு. அந்த வகுப்பில் உட்கார்ந்திருந்த தமிழ்ப் பிள்ளைகளின் முகத்தை நினைத்துப் பார்க்கிறேன்.

அந்தப் பண்ணையில் சமைத்த தமிழ்ப் பெண்கள் பலர் 1913இல் சட்டத்தை மீறிச் சிறை போனார்கள். கிண்ணம் கழுவுகிற ஒழுங்கும் சிறைக்கு அஞ்சாத மனமும் ஒரே பள்ளியில் கற்றவை என்று காந்தி கருதினார். எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. அவர்கள் அதற்கு முன்பே கரும்புத் தோட்டங்களிலும் சுரங்கத் தெருக்களிலும் வாழ்க்கையைக் கற்றவர்கள்.

அதே 1910இல், கலிலேயா ஏரியின் தென்கரையில் பத்து ஆண்களும் இரண்டு பெண்களும் தெகானியாவை அமைத்தார்கள். கிப்புட்ஸ் எனப்படும் யூதக் கூட்டுப் பண்ணைகளில் முதலாவது என்று வரலாறு அதைத்தான் சொல்கிறது. யூத தேசிய நிதி வாங்கிய நிலம் அது. பிற்காலத்தில் பல கிப்புட்ஸுகள் 1948இல் பாலஸ்தீனர் வெளியேற்றப்பட்ட ஊர்களின் நிலத்தில் விரிந்தன. சமத்துவம் வேலிக்கு உள்ளே மட்டும்தான் என்பதை மறந்துவிட்டுக் கிப்புட்ஸைப் பற்றி எழுதுவது நேர்மையாகாது. ஆனால் வேலிக்கு உள்ளேயும் சமத்துவம் அடுக்களை வாசலில் நின்றுவிட்டது. வந்த பெண்களை நேரே சமையலுக்கும் துவைப்புக்கும் அனுப்பினார்கள். அவர்களில் ஒருவரான மிரியம் பராட்ஸ் மாட்டுத் தொழுவ வேலைதான் வேண்டும் என்று அடம்பிடித்து வாங்கினார், கடைசிவரை மாடுகளோடுதான் இருந்தார். கிப்புட்ஸுகளில் பிற்பாடு வேலை வரிசை எழுத ஒரு தனிப் பொறுப்பாளரே வந்தார். மாலைதோறும் மறுநாள் பட்டியல் சாப்பாட்டுக் கூடத்தில் ஒட்டப்படும். பட்டியல் வந்தது உண்மை. ஆனால் அதில் பெண்களின் பெயர்களுக்கு நேரே தலைமுறை தலைமுறையாகச் சமையலறை, துவைப்பகம், குழந்தைகள் இல்லம் என்றே இருந்தது. எழுதிய கணக்கும் பழைய வழக்கத்தையே நகலெடுக்கக்கூடும்.

இந்த நகலெடுப்பை உடைக்க மிகத் தீவிரமாக முயன்ற வீடு என்று நான் ட்வின் ஓக்ஸைச் சொல்வேன். உளவியலாளர் ஸ்கின்னர் 1948இல் வெளியிட்ட ‘வால்டன் டூ’ என்ற கற்பனை நாவலைப் படித்துவிட்டு, 1967 ஜூனில் எட்டுப் பேர் வர்ஜீனியா மாநிலத்தில் 123 ஏக்கர் பழைய புகையிலைப் பண்ணை ஒன்றில் குடியேறினார்கள். அவர்களில் கேத்லீன் கின்கேட் என்ற பெண்மணி ஒருவர். அவருக்குத் தத்துவத்தைவிடப் பட்டியல் போடுவதில் ஆர்வம் அதிகம். அந்த வீடு பிழைத்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

முதலில் வேலைகளைச் சீட்டுகளில் எழுதி, சீட்டாட்டத்தில் பிரிப்பதுபோல் பிரித்துக்கொண்டார்கள். பிறகு வேலைப் புள்ளி வந்தது. யாருக்கும் பிடிக்காத வேலைக்கு மணிக்கு அதிகப் புள்ளி, எல்லோரும் விரும்பும் வேலைக்குக் குறைவு. ஸ்கின்னர் நாவலில் சொன்னதும் அதுதான். கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் ஒருவருக்குப் பாத்திரம் தேய்ப்பது தியானம், இன்னொருவருக்குத் தண்டனை. யாருடைய வெறுப்பை வைத்து விலை நிர்ணயிப்பது? சில ஆண்டுகளில் அதைக் கைவிட்டார்கள். ஒரு மணி நேரம் எந்த வேலை செய்தாலும் ஒரு புள்ளி என்று வைத்தார்கள். வாரத்துக்கு ஏறத்தாழ 42 புள்ளி. இந்த 42இல் ஊஞ்சல்வலை பின்னி விற்பதும் டோஃபு செய்வதும் புத்தகங்களுக்குச் சொல்லடைவு தயாரிப்பதும் அடங்கின, சமையலும் குழந்தை பார்ப்பதும் கழிப்பறை கழுவுவதும் அடங்கின. அதிகம் உழைத்தால் சேர்த்துவைத்து விடுப்பாக எடுத்துக்கொள்ளலாம். மேற்பார்வையாளர் இல்லை. தன் தாளைத் தானே நிரப்ப வேண்டும்.

வெளியே வேலைக்குப் போய் 42 மணி நேரம் உழைக்கிற ஒரு பெண் வீட்டுக்கு வந்தபிறகு தொடங்கும் இரண்டாம் ஷிஃப்ட் இந்தக் கணக்கில் காணாமல் போகிறது. இது சின்ன விஷயமில்லை. சமைப்பதற்கும் சம்பாதிப்பதற்கும் ஒரே அளவுகோல் வைத்த வீடுகள் உலகத்தில் அதிகம் இல்லை. குறையும் உண்டு. தாளில் மணி நேரம்தான் ஏறும், கவலை ஏறாது. அரிசி தீர்ந்துபோகப்போகிறது என்று மூன்று நாள் முன்பே நினைவு வைத்துக்கொள்கிற தலை யாருடையது என்பதை எந்தப் பட்டியலாலும் பிடிக்க முடிவதில்லை.

பொதுக் கல்லா

பணத்தைப் பொதுவில் வைப்பது கூட்டு வாழ்வின் பெரிய துணிச்சல் என்று வெளியே இருப்பவர்களுக்குத் தோன்றும். உள்ளே இருப்பவர்களின் அனுபவம் வேறு. சம்பளத்தைக் கொட்டிவிடுவார்கள், சட்டையையும் தேநீர்க் கெண்டியையும் விட மாட்டார்கள்.

ஆரம்பகாலக் கிப்புட்ஸில் துணிகூடப் பொதுச்சொத்து. துவைப்பகத்திலிருந்து அளவுக்கேற்ற உடை கிடைக்கும், போன வாரம் நீ போட்டதை இந்த வாரம் இன்னொருவர் போட்டிருப்பார். பிறகு துணியில் எண் தைத்து அவரவருக்குத் திருப்பிக் கொடுக்கலானார்கள். அடுத்து வந்ததுதான் பேர்போன கெண்டிச் சண்டை. ஒருவர் தன் அறையில் தனியாகத் தண்ணீர் கொதிக்கவைத்துத் தேநீர் போட்டுக்கொள்ளலாமா கூடாதா? சிரிப்பு வரும். ஆனால் எதிர்த்தவர்கள் முட்டாள்கள் இல்லை. தேநீர் அறைக்குப் போனால் மாலையில் சாப்பாட்டுக் கூடம் காலியாகும், கூடம் காலியானால் பேச்சு காலியாகும், பிறகு ஓட்டெடுப்புக்கு மட்டும் கூடுகிற ஊராகிவிடும் என்று பயந்தார்கள். வானொலி, குளிர்பதனப் பெட்டி, தொலைக்காட்சி என்று அதே வாதம் ஒவ்வொரு பத்தாண்டிலும் திரும்ப வந்தது, ஒவ்வொரு முறையும் தனியறைதான் ஜெயித்தது. 1950களில் ஜெர்மனியிலிருந்து நாஜிக் கொடுமைக்கான இழப்பீட்டுப் பணம் தனிநபர் பெயரில் வரத் தொடங்கியபோது விஷயம் கெண்டியைவிடக் கனத்தது. கொல்லப்பட்ட தாயின் பெயரால் வந்த பணத்தைப் பொதுக் கல்லாவில் போடச் சொல்ல எந்த விதிக்கு உரிமை உண்டு? பல இடங்களில் பாதி வழியில் சமரசம் செய்துகொண்டார்கள்.

1980களின் நடுவில் இஸ்ரேலின் பணவீக்கமும் கடனும் கிப்புட்ஸுகளை உலுக்கின. அதன்பிறகு ஒவ்வொன்றாக ஆளுக்கேற்ற சம்பளத்துக்கு மாறின. தெகானியா 2007இல் மாறியது. 97 வருடம் ஒரே கல்லா என்பதே அசாதாரணம் என்று நினைக்கிறேன்.

அமெரிக்காவில் ‘தி ஃபார்ம்’ இதைவிடச் சடுதியாக மாறியது. 1971இல் ஸ்டீஃபன் காஸ்கின் தலைமையில் சான்பிரான்சிஸ்கோவிலிருந்து பேருந்துகளில் புறப்பட்டுப்போன ஹிப்பிகள் டென்னசி மாநிலத்தில் நிலம் வாங்கினார்கள். ஏழ்மை விரதம், முழுச் சைவம், சோயா பால். ஒரே வீட்டில் முப்பது நாற்பது பேர். அங்கே பிரசவம் பார்த்த பெண்கள் அமெரிக்க மருத்துவச்சிக் கலைக்கே புத்துயிர் கொடுத்தார்கள். காஸ்கினின் மனைவி ஐனா மே எழுதிய நூல் இன்றும் படிக்கப்படுகிறது. வந்தவர்கள் யாரையும் திருப்பி அனுப்பவில்லை, 1980 வாக்கில் ஆட்தொகை ஆயிரத்தைத் தாண்டிவிட்டது. யார் சம்பாதிக்கிறார்கள், யார் சாப்பிட மட்டும் செய்கிறார்கள் என்று கேட்பதே அன்புக் குறைவாகக் கருதப்பட்டது. கடன் கழுத்தை நெரித்தபோது, 1983இல், பொதுக் கல்லா மூடப்பட்டது. இனி ஒவ்வொருவரும் மாதச் சந்தா கட்ட வேண்டும் என்றார்கள். கூட்டத்தில் பெரும்பகுதி சில ஆண்டுகளில் கலைந்துபோயிற்று. தி ஃபார்ம் இன்றும் இருக்கிறது, சிறியதாக, கணக்கோடு.

பிள்ளைகள் எங்கே தூங்குவார்கள்

சமையலைப் பற்றிய சண்டையில் பெரியவர்கள் மட்டும்தான் அடிபடுவார்கள். பிள்ளைகள் எங்கே தூங்குவது என்ற கேள்வியில் அப்படி இல்லை. கிப்புட்ஸ் பிள்ளைகள் பல தலைமுறைகளாகக் குழந்தைகள் இல்லத்தில் தூங்கினார்கள். மாலையில் சில மணி நேரம் பெற்றோர் அறைக்குப் போய்வருவார்கள், இரவில் காவலுக்கு ஒருவர் இருப்பார். தாயை அடுப்படியிலிருந்தும் தொட்டிலிலிருந்தும் விடுவிப்பது நோக்கம். அப்படி வளர்ந்தவர்களில் சிலர் அதைச் சொர்க்கமாக நினைவுகூர்கிறார்கள், சிலர் இருட்டில் அழுது யாரும் வராத இரவுகளை. 1970களிலிருந்து தாய்மார்களே வாக்களித்து அதை ஒவ்வோர் ஊராக முடித்துவைத்தார்கள். 1990களில் வழக்கமே ஒழிந்தது.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. ட்வின் ஓக்ஸ்காரர்கள் தங்கள் கட்டடங்களுக்குப் பழைய கூட்டுக் குடியிருப்புகளின் பெயர்களை வைப்பார்கள். குழந்தைகள் இல்லத்துக்கு வைத்த பெயர் தெகானியா. ஆனால் அசல் தெகானியாவில் பிள்ளைகள் பெற்றோர் வீட்டில்தான் தூங்கினார்கள். பொதுத் தூக்கத்தை ஏற்காத மிகச் சில கிப்புட்ஸுகளில் அதுவும் ஒன்று. ட்வின் ஓக்ஸின் தெகானியாவும் நாளடைவில் குழந்தைகள் இல்லமாக நீடிக்கவில்லை.

பெர்லினில் இந்தக் கேள்வி வேறு உருவில் வெடித்தது. 1967 தொடக்கத்தில் மேற்கு பெர்லின் மாணவர்கள் சிலர் ‘கொம்யூன 1’ என்ற கூட்டு வீட்டைத் தொடங்கினார்கள். குடும்பம்தான் சர்வாதிகாரத்தின் நாற்றங்கால், அதை உடைப்போம் என்பது முழக்கம். அமெரிக்கத் துணை ஜனாதிபதி ஹம்ஃப்ரி மீது புட்டிங் வீசத் திட்டமிட்டுக் கைதானார்கள். நிர்வாணமாகச் சுவரைப் பார்த்து நிற்கும் புகைப்படத்தால் உலகப் புகழ் பெற்றார்கள். பத்திரிகைகள் படுக்கையறையைப் பற்றி எழுதித் தள்ளின. அந்த மாணவர் இயக்கத்துப் பெண்களின் கோபம் எதைப் பற்றியது என்பது 1968 செப்டம்பரில் ஃபிராங்ஃபர்ட்டில் நடந்த சோசலிச மாணவர் மாநாட்டில் தெரிந்தது. புரட்சி பேசும் ஆண்களின் பிள்ளைகளை யார் பார்த்துக்கொள்கிறார்கள் என்ற பொருளில் ஹெல்கே சாண்டர் பேசினார். தலைவர்கள் விவாதிக்காமல் அடுத்த பொருளுக்குப் போக முயன்றார்கள். மேடையை நோக்கித் தக்காளி பறந்தது, வீசியவர் சிக்ரிட் ரூகர் என்ற பிரதிநிதி. சாண்டரும் தோழிகளும் பெர்லினில் ஏற்கெனவே ஒரு வழி கண்டிருந்தார்கள். பல்பொருள் அங்காடிகள் வந்து மூடிப்போன மூலைக்கடைகளை வாடகைக்கு எடுத்துப் பெற்றோரே முறை வைத்து நடத்தும் மழலையர் பள்ளிகளாக்கினார்கள். ‘கிண்டர்லாடன்’, அதாவது பிள்ளைக்கடை என்று பெயர். கொம்யூன 1 மூன்று வருடம்கூட நிற்கவில்லை. பிள்ளைக்கடைகள் நின்றன.

டென்மார்க் இன்னும் சாதுவான வழியில் போனது. குழந்தைக்கு நூறு பெற்றோர் வேண்டும் என்ற கருத்தில் போடில் கிராயே 1967இல் ஒரு பத்திரிகைக் கட்டுரை எழுதினார். கட்டடக்கலைஞர் யான் குட்மண்ட்-ஹோயர் அதே காலத்தில் அதற்கான வரைபடங்களோடு அலைந்துகொண்டிருந்தார். 1972இல் சேட்டடாமன் என்ற இடத்தில் 27 குடும்பங்கள் குடியேறின. ஒவ்வொரு வீட்டுக்கும் சொந்தச் சமையலறை, நடுவில் பொதுவீடு, அங்கே பொது இரவுச் சாப்பாடு. கணக்குப் போட்டுப் பாருங்கள். முப்பது பேர் முறை வைத்தால் மாதத்தில் ஒரே ஒரு மாலை உன்னுடைய சமையல், மற்ற மாலைகளில் தட்டோடு போய் உட்கார்ந்தால் போதும். கல்லா தனி, கட்டில் தனி, உலை மட்டும் பொது. வீரம் குறைந்த ஏற்பாடு என்று தீவிரக் கொள்கைக்காரர்கள் கேலி செய்தார்கள். ஆனால் உலகமெங்கும் நகலெடுக்கப்பட்டது இதுதான்.

விதி இல்லாத வீடு

கலிஃபோர்னியாவில் மார்னிங் ஸ்டார் என்ற பண்ணையை இசைக்கலைஞர் லூ காட்லீப் 1966இல் யார் வேண்டுமானாலும் வந்து தங்கலாம் என்று திறந்துவிட்டார். கழிப்பறை போதவில்லை, சுகாதார விதிகள் மீறப்பட்டன, மாவட்ட நிர்வாகம் புல்டோசரோடு வந்தது. காட்லீப் 1969இல் நிலத்தைக் கடவுள் பெயருக்கு எழுதிவைத்தார். கடவுள் இயற்கை நபரும் அல்ல, சட்ட நபரும் அல்ல, ஆகவே நிலம் வைத்துக்கொள்ள முடியாது என்று நீதிமன்றம் தள்ளியது. நம்மூரில் கோயில் மூலவர் பட்டா நிலத்தோடு, வழக்குத் தொடுக்கும் உரிமையோடு வீற்றிருப்பதை யாரும் அவருக்குச் சொல்லவில்லை போலிருக்கிறது. எனினும் அங்கே தோற்றது கடவுள் இல்லை, கழிப்பறை.

விதி இல்லாத குழுவில் விதி இல்லாமல் போவதில்லை, அது கண்ணுக்குத் தெரியாமல் போகிறது என்று ஜோ ஃப்ரீமன் 1970களின் தொடக்கத்தில் ஒரு கட்டுரையில் வாதிட்டார். பெண்கள் இயக்கக் குழுக்களை வைத்து எழுதப்பட்டது அது. நட்பு வட்டம் தலைமையாகிவிடும், யார் முடிவெடுத்தார்கள் என்று கேட்க ஆள் இருக்காது. கூட்டு வீடுகளுக்கு இதைவிடப் பொருத்தமான எச்சரிக்கை எனக்குத் தெரியாது. யாருக்குத் தோன்றுகிறதோ அவர் தேய்க்கட்டும் என்று விட்ட வீட்டில், தோன்றுகிறவர் பெரும்பாலும் ஒரே ஆள்தான்.

மறுகோடியில், எல்லாவற்றையும் பேசித் தீர்ப்பதாகச் சொன்ன வீடுகளும் சுகமாக இருக்கவில்லை. 1848 முதல் 1881 வரை நியூயார்க் மாநிலத்தில் இருந்த ஒனைடா குடியிருப்பில் ஒருவரை நடுவில் உட்காரவைத்து மற்றவர்கள் அவருடைய குற்றங்குறைகளைச் சொல்வார்கள், அவர் வாய் திறக்கக்கூடாது. நம் வீட்டுக் கல்யாணங்களுக்கு முந்தின நாள் தானாகவே நடப்பதை அவர்கள் நிறுவனமாக்கியிருந்தார்கள். ஜெர்மனியில் காஸல் நகருக்கு அருகே 1986 முதல் இயங்கும் நீடர்காஃபுங்கன் கம்யூனில் ஒருமித்த முடிவுதான் விதி. ஒரே கல்லா, அதிலிருந்து வேண்டியதை எடுத்துக்கொண்டு எழுதிவைக்கலாம், பெரிய தொகை என்றால் முன்கூட்டிச் சொல்ல வேண்டும். அங்கே விலை நேரம்தான். பேசிப் பேசி முடிவெடுக்கிற பொறுமை உள்ளவர்கள்தான் தங்குகிறார்கள்.

எத்தனை வருடம் நின்றது?

ஆய்வாளர்கள் கூட்டு வீடுகளை ஆயுளால் அளப்பார்கள். ரோசபெத் மாஸ் கான்டர் 1972இல் வெளியிட்ட நூலில் 19ஆம் நூற்றாண்டின் 30 அமெரிக்கக் குடியிருப்புகளை ஒப்பிட்டார். 25 வருடம் தாண்டினால் வெற்றி என்று கோடு போட்டார், ஒன்பது தேறின. தியாகமும் சடங்கும் துறப்பும் கேட்ட வீடுகள் நின்றன என்பது அவர் முடிவு. ரிச்சர்ட் சோசிஸ் 2000இல் 200 குடியிருப்புகளை எடுத்துப் பார்த்து, மத அடிப்படையிலானவை மதம் சாராதவற்றைவிட வெகுவாக நீடித்தன என்று காட்டினார். கடுமையான விரதங்கள் மத வீடுகளைத்தான் காப்பாற்றின, மற்ற வீடுகளுக்கு அவற்றால் ஆயுள் கூடவில்லை என்பது அவர் அடுத்து கண்டது. ஃப்ரூட்லண்ட்ஸின் லினன் அங்கிக்கு இது நல்ல இரங்கற்பா. கடவுள் இல்லாத வீட்டில் அந்த இடத்தை நிரப்ப வேறொன்று வேண்டும், ட்வின் ஓக்ஸில் அது வேலைத்தாள் என்பது என் அபிப்பிராயம்.

1528இல் பொதுவுடைமை வாழ்வைத் தொடங்கி, இடையிடையே விட்டு மீண்டும் தொடர்ந்துவரும் ஹட்டரைட்டுகள் என்ற கிறிஸ்தவக் குழுவினரிடம் கடவுளும் இருக்கிறார், தாளும் இருக்கிறது. பெண்கள் வார முறையில் சமைப்பார்கள், ஊர் 150 பேரைத் தொடும் சமயத்தில் இரண்டாகப் பிரியும். ஆனால் பெண்களுக்கு ஊர்க் கூட்டத்தில் வாக்கில்லை. ஏறத்தாழ ஐந்து நூற்றாண்டுக்குப் பிறகும் இருக்கிறது என்பதற்காக அதை நான் முன்மாதிரி என்று சொல்ல மாட்டேன். மறுபக்கம், மூன்று வருடம்கூட நிற்காத கொம்யூன 1 வகை வீடுகளின் வழித்தோன்றலாகத்தான் இன்று ஜெர்மனியில் லட்சக்கணக்கான மாணவர்கள் கூட்டு வாடகைக் குடியிருப்பில் வாழ்கிறார்கள். அவர்கள் சமையலறைச் சுவரில் புரட்சி வாசகம் இருக்கிறதோ இல்லையோ, துப்புரவு முறைப்பட்டியல் இருக்கும். ஆயுளை மட்டும் அளந்தால் இந்த வெற்றி கணக்கில் வராது.

ஆயுள் அளவுகோல் தவறவிடும் இன்னொன்று, வேலிக்கு வெளியிலிருந்து வரும் கை. கிப்புட்ஸுகள் கூலியாள் வைக்கக்கூடாது என்ற கொள்கையோடு தொடங்கிக் கூலியாட்களை வைத்தன. 1968 பிப்ரவரி 28இல் தொடங்கிய ஆரோவில் கூட்டு வீடு இல்லை, ஒரு நகரத்துக்கான கனவு. என்றாலும் கேள்வி அங்கேயும் அதேதான். அதன் சூரியச் சமையலறைக்கு வெயிலைப் பிடித்துக் கொடுக்க 15 மீட்டர் அகலக் கிண்ணம் அமைத்தார்கள், ஆயிரம் பேர் அளவில் சமையல் நடந்தது. குயிலாப்பாளையம், இடையஞ்சாவடி போன்ற சுற்றுவட்டாரத் தமிழ் ஊர்களிலிருந்து ஆயிரக்கணக்கானோர் அந்த நகரத்தின் வீடுகளிலும் தோட்டங்களிலும் தொழிற்கூடங்களிலும் சம்பளத்துக்கு வேலை செய்கிறார்கள். மாற்று வாழ்வு என்ற சொல் பாத்திரம் தேய்க்க வருகிற அக்காவுக்கும் பொருந்துகிறதா என்று கேட்டுப் பார்த்தபிறகுதான் ஒரு வீட்டைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல வேண்டும். ஆரோவிலுக்கு மட்டும் இல்லை, நம் ஆசிரமங்களுக்கும் இயற்கை வேளாண் பண்ணைகளுக்கும் இதே கேள்வி உண்டு.

கேத்லீன் கின்கேடோடு முடிக்கிறேன். ட்வின் ஓக்ஸைத் தவிர இன்னும் இரண்டு கூட்டுக் குடியிருப்புகள் எழவும் துணைநின்ற அவர், ஒரு கட்டத்தில் அலுத்துப்போய் வெளியேறி, பக்கத்து ஊரில் ஒரு சிறு வீட்டில் தனியாகத் தோட்டம் போட்டு வாழ்ந்தார். தன் வீட்டைப் பற்றி அவர் அளவுக்குக் கடுமையாக விமர்சனம் எழுதியவர்களும் குறைவு. புற்றுநோய் முற்றியபோது ட்வின் ஓக்ஸுக்கே திரும்பி வந்தார், 2008இல் அங்கேயே இறந்தார். அங்கே 50 வயது தாண்டியவர்களுக்கு வருடத்துக்கு ஒரு மணி நேரம் வீதம் வாரவேலை குறைந்துகொண்டே வரும். நோயாளியின் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் நேரமும் வேலைத்தாளில் ஏறும், பாத்திரம் தேய்த்த நேரத்துக்கு ஈடாக, ஒரு மணிக்கு ஒரு புள்ளி.